தாய் எலியின் நாலு வரி

இர்மா ஹுடாக்கின் குரலை இந்த நாட்டில் பாதிப் பேராவது கேட்டிருப்பார்கள். அவர்களில் ஒருவராலும் எது அவள் குரல் என்று சொல்ல முடியாது. அப்படிச் சொல்ல முடியாமல் இருப்பதற்காகத்தான் அவளை வேலைக்கு வைத்திருந்தார்கள்.

கிறிஸ்துமஸ் நாட்களில் டிவியில் கார்ட்டூன் படம் போடுவார்கள். அதில் பனி விழும்போது பின்னால் ஒரு கூட்டம் பாடும். அந்தக் கூட்டம் நாங்கள்தான். நாலு ஆண், நாலு பெண். மெர்வின் டாப்ஸ் என்பவர் எங்களைச் சேர்த்து நடத்தினார். படத்தின் கடைசியில் எழுத்துகள் ஓடும்போது அவர் குழுவின் பெயர் ஒரு நொடி வந்து போகும். எங்கள் பெயர்கள் வராது. இர்மா அந்தக் குழுவில் பதினேழு வருடம் பாடினாள். போன பிப்ரவரியில் இறந்துபோனாள்.

அவள் பென்சில்வேனியாவில் நிலக்கரிச் சுரங்கம் இருந்த ஓர் ஊரில் பிறந்தவள். அப்பா சுரங்கத்தில் வேலை செய்தார். இரண்டாம் உலக யுத்தத்தின்போது நியூயார்க் வந்து டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் சேர்ந்தாள். பஸ் ஓட்டிக்கொண்டிருந்த ஆண்டி என்பவனைக் கட்டிக்கொண்டாள். பிள்ளைகள் இல்லை. ஆண்டி நாற்பத்திரண்டு வயதில் ஸ்டியரிங் மேலேயே சாய்ந்து போய்ச் சேர்ந்தான். அதன் பிறகு அவளுக்கு சன்னிசைடு பகுதியில் இரண்டு அறை வீடும், ஆண்டியின் தங்கை மார்கிட் குடும்பமும், எங்கள் பாட்டும்தான் இருந்தன.

படம் வரைகிறவர்களுக்கு முதலில் பாட்டு வேண்டும். பாட்டைக் கேட்டுத்தான் வாயசைவை வரைவார்கள். அதனால் எங்களுக்குக் கிறிஸ்துமஸ் எப்போதும் ஜூலையில் வரும். நாற்பத்தாறாம் தெருவில் பழைய நடனக்கூடம் ஒன்றின் மாடியில் பதிவு நடக்கும். மைக் எல்லாவற்றையும் கேட்கும் என்பதால் மின்விசிறியை நிறுத்திவிடுவார்கள், ஜன்னல்களையும் சாத்திவிடுவார்கள். தரை கிறீச்சிடும் என்பதால் செருப்பு, ஷூ எல்லாவற்றையும் வாசலில் விடவேண்டும். வளையல், கடிகாரம் கூடாது. பசித்த வயிறு சத்தம் போடும் என்பதால் ஆளுக்கு இரண்டு துண்டு ரொட்டி சாப்பிட்ட பிறகுதான் மெர்வ் ஆரம்பிப்பார். வியர்வை சொட்டச் சொட்ட, வெறுங்காலோடு நின்று, குளிரையும் சறுக்குவண்டியையும் பற்றிப் பாடுவோம்.

நடுவில் ஒரே ஒரு மைக். அதைச் சுற்றித் தரையில் சாக்பீஸ் கோடுகள். தூக்கலாகக் கேட்கும் குரல் பின்கோட்டுக்குப் போகும். எல்லாரோடும் கரைந்துபோகும் குரல் முன்னால் நிற்கலாம். இர்மாவின் கோடு மைக்குக்கு ஒரு முழம் தள்ளி இருந்தது. அவ்வளவு அருகில் நின்றும் அவளைத் தனியாகக் கேட்க முடியாது. "இவ பசை. இவ இல்லேன்னா நீங்க ஏழு பேரும் ஏழு காகிதம்," என்பார் மெர்வ்.

அவளுக்கு வலது பக்கத்தில் நான் நிற்பேன். இருவரும் ஆல்ட்டோ, பெண்களில் தாழ்ந்த குரல். ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை விட்டவள் நான். சர்ச்சில் கேட்டுக் கேட்டுப் பாடியவள். இசைக் குறிப்புத் தாளை எல்லாரையும் போலக் கையில் பிடித்துக்கொள்வேன், படிக்கத் தெரியாது. குழுவில் இது தெரிந்தவள் இர்மா ஒருத்திதான். நான் ஆரம்பிக்க வேண்டிய இடம் வரும்போது என் முழங்கையை இரண்டு விரலால் அழுத்துவாள். சுரத்தை அவள் குரலிலிருந்தே எடுத்துக்கொள்வேன். எட்டு வருடம் அப்படித்தான் ஓடியது.

அறுபத்தேழாம் வருடம் மார்ச்சில் அவள் என்னிடம் இடம் மாற்றிக்கொள்ளலாமா என்று கேட்டாள்.

"இந்தப் பக்கம் காத்து வருது நெட்டி. கழுத்தைப் பிடிச்சுக்குது."

ஜன்னல்கள் சாத்தியிருந்தன. இருந்தாலும் மாறி நின்றேன். அதற்குப் பிறகு கவனித்தேன். யாராவது பேசினால் அவள் கண்ணைப் பார்க்காமல் வாயைப் பார்த்தாள். எங்களோடு பாடும் ரோஸ்லின் ஏதாவது ஜோக் சொன்னால் மற்றவர்கள் சிரித்த பிறகு சிரித்தாள். பின்பு ஒருநாள், நீளமாக நிறுத்திப் பிடிக்க வேண்டிய ஒரு இடத்தில், அவள் சுரம் ஒரு மயிரிழை கீழே இறங்கியது. அவளையே பிடித்துக்கொண்டு பாடும் நானும் கூடவே இறங்கினேன்.

மெர்வ் பாட்டை நிறுத்தினார். "ஆல்ட்டோ பக்கம் யாரோ தூங்குறீங்க."

"நான்தான், மன்னிச்சிடுங்க மெர்வ்," என்றேன்.

அடுத்த முறை அதே இடம் வந்தபோது அவள் முதுகில் விரலை வைத்து மேல்நோக்கித் தள்ளினேன். திரும்பிப் பார்க்காமலே அவள் குரலை ஏற்றினாள். சரியாக வந்து நின்றது.

மத்தியானம் எதிர்க்கடையில் காப்பி குடிக்கும்போது என் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள்.

"எவ்வளவு நாளாத் தெரியும் உனக்கு?"

"நீங்க இடம் மாறுன அன்னிலேர்ந்து."

"ரோஸ்லினுக்கு?"

"தெரியாது."

"அவளுக்குத் தெரிஞ்சா ரேடியோவுல சொன்ன மாதிரிதான்." கோப்பையைச் சுற்றிச் சுற்றி வைத்தாள். "எங்கம்மாவுக்கும் இப்படித்தான். சுரங்கத்துல கூரை விழுந்த அன்னிக்குச் சங்கு ஊதுறாங்க, ஊரே ஓடுது. அவ முட்டைக்கோஸ் நறுக்கிட்டு நிக்குறா. நான் போய்க் கையைப் பிடிச்சு இழுத்தேன்."

"டாக்டரப் பாத்தீங்களா?"

"பாத்தேன். மெஷின் வெச்சுக்கோன்னான். வாங்கி டிராயர்ல போட்டுருக்கேன். காதுல மெஷினை மாட்டிக்கிட்டு மைக் முன்னாடி போய் நின்னா, மெர்வ் செத்தவளுக்கு மரியாதை பண்ற மாதிரி தொப்பியைக் கழட்டி மார்ல வெச்சுப்பான்."

அன்றிலிருந்து என் விரல் அவள் முதுகில் இருந்தது. மேலே தள்ளினால் ஏற்று, கீழே இழுத்தால் இறக்கு, ஒரு தட்டுத் தட்டினால் நிறுத்து. அவள் என் முழங்கையை அழுத்துவதும் நிற்கவில்லை. வெளியே பார்க்கிறவர்களுக்கு, நெருக்கிக்கொண்டு நிற்கும் இரண்டு பெண்கள், அவ்வளவுதான்.

ஜூலையில் ஒரு படம் வந்தது. மாதா கோயில் கோபுரத்தில் காற்றுத் திசை காட்டும் தகரச் சேவல் பனியில் உறைந்து ஒரே பக்கம் பார்த்து நின்றுவிடுகிறது. பரிசு கொண்டுவரும் கிழவருக்கு வழி தவறிவிடுகிறது. கோபுரத்துக்குக் கீழே ஒரு எலிக் குடும்பம். தாய் எலி குஞ்சுகளைத் தூங்கவைக்க நாலு வரி பாடவேண்டும், தனியாக. அதற்குப் பேசிவைத்திருந்த நடிகை வரவில்லை.

"நடிகை மாதிரி வேணாம். அடுப்பு முன்னாடி நின்னு பாடுற அம்மா மாதிரி இருக்கணும்," என்றார் மெர்வ். "இர்மா, நீ பாடு."

அவள் அவர் வாயைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். "யாரு?"

"நீதான்."

ரோஸ்லின் கைதட்டினாள். அவள் எங்கள் முதல் சோப்ரானோ, உச்சக்குரல்காரி, எப்போதும் பின்கோட்டில் நிற்பவள். "பதினேழு வருஷத்துக்கு அப்புறம் புரமோஷன்! என்ன வேஷம்? எலி!"

"பூனை வேஷம் உனக்குன்னு ஒதுக்கி வெச்சிருக்காங்கடி," என்றாள் இர்மா.

அன்று சுரங்க ரயிலில் என் பக்கத்தில் உட்கார்ந்து, இரைச்சலுக்கு மேலே கத்திப் பேசினாள். "ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் மார்கிட் பிள்ளைங்க கேக்கும், அத்தை இதுல எது நீங்கன்னு. அதுல எங்கயோ இருக்கேன்டான்னு சொல்வேன். ரெண்டு நிமிஷம் பாத்துட்டு விளையாடப் போயிடும். ஒரே ஒரு தடவை, இதோ இதுதான்னு கையை நீட்டிக் காட்டணும் நெட்டி. அதுக்கப்புறம் காது முழுசாப் போனாலும் போகட்டும்."

எதிரில் இருந்தவர்கள் எங்களைப் பார்த்தார்கள். தன் சத்தம் எவ்வளவு என்பது அவளுக்குத் தெரியவில்லை.

அந்த நாலு வரியை என் வீட்டில் பத்து நாள் பழகினோம். 'பனி கதவைத் தட்டட்டும், நான் திறக்கவே மாட்டேன்' என்று முடியும். என் விரல் முதுகில் இருக்கும்போது ஒரு குறையும் இல்லை.

பதிவு நாளன்று பார்த்தால் தனியாகப் பாடுகிறவருக்கு மூலையில் கண்ணாடிக் கூண்டு ஒன்று வைத்திருந்தார்கள். காதில் ஹெட்போன். ஒருவர் நிற்கத்தான் இடம். அவள் உள்ளே போகும்முன் என்னைப் பார்த்தாள். நான் அந்தக் கூண்டைப் பார்த்தேன். எங்களுக்கு இது தோன்றவே இல்லை.

மூன்று முறை பாடினாள். மூன்று முறையும் அழகாகப் பாடினாள். மூன்று முறையும் பியானோவுக்குச் சற்றுக் கீழே பாடினாள். ஒரே அளவு கீழே, ஒரு படி தள்ளிக் கட்டின வீடு மாதிரி. ரோஸ்லின் தன் பாதங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மெர்வ் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், மாட்டினார். பிறகு பொத்தானை அழுத்தி, "ரொம்ப நல்லா வந்திருக்கு இர்மா. முடிஞ்சுது," என்றார். அவளுக்குக் கேட்டிருக்காது என்று கட்டைவிரலை உயர்த்தியும் காட்டினார். அப்போதுதான் அவருக்கும் தெரியும் என்று எனக்குத் தெரிந்தது.

அவள் முகமெல்லாம் சிவந்து வெளியே வந்தாள். ஷூவுக்குக் கயிறுகூடக் கட்டவில்லை. "மார்கிட்டுக்கு இப்பவே சொல்லணும்," என்று இரண்டிரண்டு படியாக இறங்கிப் போனாள்.

"நெட்டி, நீ கொஞ்சம் இரு," என்றார் மெர்வ்.

எல்லாரும் போன பிறகு தாளை என்னிடம் நீட்டினார்.

"எனக்குப் படிக்க வராது," என்றேன். எட்டு வருடம் மறைத்ததை அந்த நேரத்தில் ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. அதைச் சொன்னால் விட்டுவிடுவார் என்று நினைத்திருக்கலாம்.

"தெரியும். தாள் வேணாம், அவ பாடினதைப் பாடு. சுரத்தை மட்டும் சரியாப் பாடு. உனக்குன்னு தனியா ஒரு குரல் கிடையாது. எட்டு வருஷமா அவ குரல்தான் உன் தொண்டையில வளந்திருக்கு."

"அவகிட்ட என்ன சொல்வீங்க?"

"என்ன சொல்லணும்? அவ பாடினா, நல்லாருந்துது, முடிஞ்சுது. யாருக்கு என்ன நஷ்டம்?" என்று சொன்னவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "திங்கட்கிழமை படம் வரையுறவங்ககிட்ட இதைக் கொடுக்கணும் நெட்டி. நான் என்ன பண்ணட்டும்?"

நான் கூண்டுக்குள் போனேன். ஹெட்போனில் அவள் வியர்வை ஈரம் இருந்தது. அவள் வாயை எப்படித் திறப்பாளோ அப்படித் திறந்தேன். முதல் முறையிலேயே சரியாக வந்துவிட்டது.

டிசம்பரில் இர்மா என்னைச் சாப்பிடக் கூப்பிட்டாள். காளான் சூப், கசகசா வைத்த ரொட்டி. மார்கிட், அவள் கணவன், மூன்று பிள்ளைகள், மேல்மாடிக்காரர்கள் என்று அறை நிறைந்திருந்தது. ஏழு மணிக்குப் படம் ஆரம்பித்தது. இர்மா டிவிக்கு ஒட்டி நாற்காலியைப் போட்டு, பெட்டியின் பக்கவாட்டில் உள்ளங்கையை வைத்துக்கொண்டாள். தாய் எலி முண்டாசு கட்டிக்கொண்டு வந்து வாயைத் திறந்தது.

"இதோ," என்றாள் இர்மா. "இதுதான்."

பிள்ளைகள் அசையாமல் கேட்டார்கள். கடைசிப் பெண் எழுந்துபோய் இர்மாவின் தொண்டையில் விரலை வைத்துப் பார்த்தாள். பாட்டு முடிந்ததும் மார்கிட் மூக்கைச் சிந்தினாள். "அடியே, இருபது வயசுப் பொண்ணு மாதிரி இருக்கே உன் குரல்!"

அவள் சொன்னது கேட்காமலே இர்மா சிரித்துத் தலையாட்டினாள். இர்மாவைவிட நான் பதினாலு வயது சின்னவள். நான் சூப்பில் இருந்த காளானை எல்லாம் எண்ணிக்கொண்டிருந்தேன்.

எங்கள் தொழிலில் யாரையும் வேலையை விட்டு அனுப்புவதில்லை. டெலிபோன் வராது, அவ்வளவுதான். ஒரு மாதம் வராது, இரண்டு மாதம் வராது, நாமாகவே புரிந்துகொள்ள வேண்டும். ஜனவரியிலிருந்து இர்மாவின் சாக்பீஸ் கோட்டில் புதிதாக ஒரு பெண் நின்றாள். அவள் என் முழங்கையைத் தொடவில்லை. மெர்வ் எனக்கு மட்டும் பாட்டை முன்கூட்டியே பியானோவில் வாசித்துக் காட்டினார். அதற்கு என்ன பெயர் என்று நாங்கள் இருவரும் பேசிக்கொள்ளவில்லை.

வேறு யாராக இருந்தாலும் மார்ச்சுக்குள் புரிந்திருக்கும். இர்மாவுக்குப் புரியவில்லை. மணி அடிக்கிறது, தனக்குத்தான் கேட்கவில்லை என்று அவள் நம்பினாள். நான் போகும்போதெல்லாம் டெலிபோன் பக்கத்தில் அதன்மேல் கையை வைத்தபடி உட்கார்ந்திருந்தாள். சாப்பாட்டுத் தட்டும் அங்கேயே இருந்தது. குளிக்கப் போவதற்குக்கூட மேல்மாடிப் பெண்ணை வந்து காவலிருக்கச் சொன்னாள்.

"அடிச்சா விரல்ல தெரிஞ்சுடும். நான் எக்ஸ்சேஞ்சுல இருந்தவ, எனக்குத் தெரியாதா? கொஞ்சம் எந்திரிச்சுப் போற நேரமாப் பாத்துக் கூப்பிடுறான் போல. மெர்வ்கிட்ட சொல்லு, இன்னும் நாலு தடவை சேத்து மணி அடிக்க விடச் சொல்லு."

"சொல்றேன்," என்றேன்.

மெர்விடம் சொன்னேன். "ஐயோ," என்றார்.

மே மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை மருந்துக்கடை டெலிபோன் கூண்டிலிருந்து அவள் எண்ணைச் சுழற்றினேன். ஒரு முறையாவது அது அவள் விரலுக்குக் கீழே அடிக்கட்டும் என்றுதான் நினைத்தேன். அதற்கு மேல் நான் யோசிக்கவில்லை. முதல் மணியிலேயே எடுத்துவிட்டாள்.

"மெர்வ்?"

"இர்மா, நான் நெட்டி."

"மெர்வ், ஒண்ணும் தெளிவாக் கேக்கல, லைன் சரியில்ல. நான் சும்மாதான் இருக்கேன். செவ்வாய் பத்து மணி தானே? எப்பவும் போல? வந்துடுறேன். வந்துடுறேன் மெர்வ்."

"இர்மா, நெட்டி பேசுறேன்," என்று கத்தினேன். கடைக்காரர் திரும்பிப் பார்த்தார். எனக்குக் கூச்சமாகிவிட்டது. அதற்குள் அவள் வைத்துவிட்டாள். அன்று மாலையே நேரில் போய்ச் சொல்லியிருக்கலாம். சனி, ஞாயிறு, திங்கள் இருந்தன. நான் போகவில்லை.

செவ்வாய் பத்து மணிக்கு வந்தாள். முடியைச் சுருட்டி விட்டிருந்தாள், நீலச் சட்டை போட்டிருந்தாள். ஷூவை வாசலில் கழற்றிவிட்டு வெறுங்காலோடு நேராக மைக்குப் பக்கம் நடந்தாள். அவள் கோட்டில் அந்தப் புதிய பெண் நின்றாள்.

"இர்மா!" என்றாள் ரோஸ்லின். "வழி தவறி வந்துட்டியா?" வாயிலிருந்து வந்த பிறகுதான் அவளுக்கே உறைத்தது, வாயை மூடிக்கொண்டாள்.

இர்மா எங்களை எண்ணினாள். உதடு அசைவது தெரிந்தது. எட்டு.

"மெர்வ், நீ கூப்பிட்டியே?"

"நான் கூப்பிடல இர்மா."

"என்ன?"

"நான் கூப்பிடல!" மெர்வ் ஒவ்வொரு எழுத்தாகச் சத்தமாகச் சொன்னார். "யாருமே கூப்பிடல!"

அவள் ஒவ்வொருவர் வாயாகப் பார்த்துக்கொண்டு வந்தாள். என் வாயையும் பார்த்தாள். அது மூடியிருந்தது.

"மணி அடிச்சுதே," என்றாள், யாரிடமும் இல்லாமல். "அப்போ அதுவும் நானா நெனச்சுக்கிட்டதுதான் போல."

புதிய பெண்ணுக்கு என்ன செய்வது என்று தெரியவில்லை, ரொட்டித் தட்டை நீட்டினாள். இர்மா ஒரு துண்டை எடுத்து, நின்றபடியே முழுவதும் தின்றாள். பிறகு போய் ஷூவை மாட்டிக்கொண்டாள். பதினொரு மணி வரை நாங்கள் பாடியது எதுவும் பதிவுக்கு உதவவில்லை.

அதன் பிறகுதான் அவள் நொடிந்துபோனாள். காது போனது அவளை அப்படிச் செய்யவில்லை, தன்மேலேயே நம்பிக்கை போனதுதான் செய்தது என்று மார்கிட் சொன்னாள். யாரோ கதவைத் தட்டியதாகப் போய்த் திறப்பாளாம், ஆள் நின்றாலும் நம்பமாட்டாளாம். அடுப்பை அணைத்தேனா என்று பத்து முறை பார்ப்பாளாம். பார்த்ததும் நிஜம்தானா என்று மார்கிட்டைக் கேட்பாளாம். டெலிபோனைக் கம்பெனிக்காரர்களைக் கூப்பிட்டுக் கழற்றி எடுத்துப்போகச் சொல்லிவிட்டாள்.

ஆகஸ்டில் போனேன். கதவைத் திறந்தவள் என் சட்டைக் கையைப் பிடித்துப் பார்த்தாள்.

"நீ வந்திருக்கதானே?"

தலையாட்டினேன். காதில் மெஷின் இருந்தது, ஆனால் அதற்கும் காலம் கடந்துவிட்டது. மேசையில் மளிகைக்கடைக் காகிதப் பை ஒன்று கிடந்தது. அதன்மேல் பென்சிலால் எழுதினேன்: 'மே மாதம் போன் செய்தது நான். மணி அடித்தது உண்மை.'

அவள் வெகுநேரம் படித்தாள்.

"நிஜமாவே அடிச்சுதா?"

தலையாட்டினேன். அவள் நாற்காலியில் உட்கார்ந்தாள். தோள் இரண்டும் கீழே இறங்கின.

"அப்போ அன்னிக்கு எல்லார் முன்னாடியும் ஏன்டி வாயைத் திறக்கல?"

பென்சிலைப் பையின் மேல் வைத்தேன். அவள் காத்திருந்தாள். திட்டுவாள் என்று நினைத்தேன், திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"மூணு மாசமா எனக்குப் பைத்தியம் பிடிச்சுப்போச்சுன்னு உக்காந்திருக்கேன்," என்றாள். "எது நடந்துது, எது நடக்கலன்னே தெரியல. நீ பக்கத்துலயே இருந்தவ. உனக்கு எல்லாம் தெரியும். இப்போ ஒண்ணு கேக்குறேன், உண்மையைச் சொல்லிடு." பையை என் பக்கம் தள்ளினாள். "அந்த எலிப் பாட்டு. அதைப் பாடினது நான்தானே?"

'ஆமாம்' என்று எழுதினேன்.

பையைத் தூக்கி ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். திரும்ப என் முன்னால் வைத்தாள்.

"பெரிசா எழுது," என்றாள்.

பெரிதாக எழுதிக் கொடுத்தேன்.